வள்ளியாக நின்றவர், ஔவையாக நடந்தவர்

தெற்கு நோக்கி ஓடிவரும் காவிரி கிழக்கே திரும்பும் இடத்தில் அமைந்துள்ளது திருப்பாண்டிக்கொடுமுடி. சுந்தரர் நமச்சிவாயத் திருப்பதிகம் பாடிய தலம். மகுடேசுவரரும் வீரநாராயணப் பெருமாளும், வன்னி மரத்தடியில் பிரமனும் எழுந்தருளியிருக்கும் அவ்வூரில் 1908-ஆம் ஆண்டு, வறிய குடும்பம் ஒன்றில் பிறந்தார் கே.பி. சுந்தராம்பாள். ரயில் வண்டியில் பாடிப் பிழைத்த சிறுமியின் குரலே அவரை நாடகக் கொட்டகைக்கு அழைத்துச் சென்றது. வேலு நாயர் குழுவில், ‘நல்லதங்காள்’ நாடகத்தின் பிள்ளை வேடம்தான் தொடக்கம்.

ஒலிபெருக்கி இல்லாத காலம் அது. விடிய விடிய நடக்கும் கூட்டத்தில் கடைசி வரிசைப் பாய்வரை சொல் தெளிவாகச் சென்று சேர வேண்டும். உயர்ந்த சுருதியில் ஆர்மோனியம் ஒலிக்க, அதற்கும் மேலே குரல் எழ வேண்டும். பிற்காலத்தில் திரையரங்குகளில் நாம் கேட்டு மெய்சிலிர்த்த வெண்கலக் குரல் அந்தக் கொட்டகைகளில் உருவானதே.

இலங்கையில் நாடகம் நடத்தச் சென்றபோது செங்கோட்டை எஸ்.ஜி. கிட்டப்பாவுடன் மேடையேறும் வாய்ப்பு அமைந்தது. ‘வள்ளி திருமணம்’ நாடகத்தில் கிட்டப்பா வேலன். சுந்தராம்பாள் தினைப்புனம் காக்கும் வள்ளி. மேடைத் திருமணம் வாழ்க்கையிலும் நிகழ்ந்தது. ஆயினும் அந்த இல்லறம் அமைதியாகச் செல்லவில்லை. மனக்கசப்பும் பிரிவும் நேர்ந்தன. பிறந்த குழந்தையும் தங்கவில்லை. 1933 டிசம்பரில், தமது 28-ஆம் வயதில் கிட்டப்பா காலமானார். அப்போது அம்மையாருக்கு வயது 25.

அன்று முதல் வெள்ளைச் சேலை, நெற்றி நிறைந்த திருநீறு. எந்த ஆடவருடனும் இணைசேர்ந்து நடிப்பதில்லை என்ற உறுதி. புகழின் உச்சியில் நின்ற நடிகை ஒருவர் இவ்வாறு முடிவெடுத்தால் தொழில் அத்துடன் முடிந்தது என்றே எவரும் எண்ணியிருப்பர். திரையுலகம் தேடி வந்தபோதும் அவர் எளிதில் இசையவில்லை. 1935-ல் வெளிவந்த ‘நந்தனார்’ படத்துக்கு அவருக்குத் தரப்பட்ட ஊதியம் ஒரு லட்ச ரூபாய். அக்காலத்தில் கேட்டோர் வாய்பிளந்த தொகை. அதில் அவர் ஏற்றது கதாநாயகி வேடமன்று, நந்தனார் வேடமே! வேதியராக நடித்தவர் சங்கீத வித்துவான் மகாராஜபுரம் விசுவநாதய்யர். பெண்ணொருவர் திருநாளைப்போவார் நாயனாராக நின்று தில்லைக்கு ஏங்கியதில் உறுதியும் குலையவில்லை, கலையும் நிற்கவில்லை.

1953-ல் ஜெமினி நிறுவனத்தின் ‘ஔவையார்’ வந்தது. அதன்பின் ஔவைப் பாட்டி என்றால் மக்கள் மனத்தில் வேறு முகம் தோன்றவில்லை. மணவாழ்வு வேண்டாமென்று விநாயகரிடம் வேண்டி இளமையைக் களைந்தவர் ஔவை. ‘காரைக்கால் அம்மையார்’ (1973) படத்தில் அவர் ஏற்ற புனிதவதியாரோ, கணவன் பிரிந்தபின் அழகிய உடலை உதறிப் பேயுரு வேண்டிப் பெற்றவர். இவ்விரு வேடங்களுக்கும் அவரைவிடப் பொருத்தமானவர் எவர் இருந்தார்? வண்ணச் சேலையை 25 வயதில் மடித்து வைத்தவருக்கு அந்தத் துறவை நடிக்க வேண்டிய தேவையே இருக்கவில்லை போலும்.

‘பூம்புகார்’ (1964) படத்தில் சமணத் துறவியான கவுந்தியடிகளாகவும் தோன்றினார். முருகனடியாரான அவருக்கு அது மாறுபட்ட வேடம். எனினும் குறை சொல்ல இடமில்லை.

மறு ஆண்டே ஏ.பி. நாகராஜனின் ‘திருவிளையாடல்’. மாம்பழம் கிடைக்காமல் சினந்து மலையேறிய பாலமுருகனை ஔவையாகச் சென்று தேற்றினார். இளமையில் எந்த முருகனுக்கு வள்ளியாக மாலையிட்டாரோ, அதே முருகனுக்கு இப்போது பாட்டி! ‘கந்தன் கருணை’யிலும் (1967) அந்த உறவு தொடர்ந்தது. பழனியிலும் திருத்தணியிலும் படியேறிய தலைமுறைக்கு அவர் பாட்டு வழித்துணையாயிற்று.

1969-ல் வெளிவந்த ‘துணைவன்’ படத்தில், குன்னக்குடி வைத்தியநாதன் இசையில் பாடியதற்காகச் சிறந்த பின்னணிப் பாடகிக்கான தேசிய விருது கிடைத்தது, 1970-ல் பத்மஸ்ரீ. சட்ட மேலவையிலும் உறுப்பினராக அமர்ந்தார். 1980-ல் இறைவனடி சேரும்வரை வெள்ளைச் சேலையும் திருநீறும் மாறவில்லை.