கூப்பிட்டபோது ஆள் இல்லை

"கேஸ் டிஃபால்ட்ல போயிடுச்சு" என்று காதில் விழுந்ததுமே வழக்கு தோற்றுவிட்டதாக நினைத்து ஒதுங்கிவிடுகிறவர்கள் ஏராளம். முன்சீப் கோர்ட்டில் சிவில் வழக்கு நடத்துகிற எனக்கு இதைவிட வேதனை வேறு இல்லை. நிலம் யாருடையது, கடனை யார் தரவேண்டும் என்று நீதிபதி எதையுமே அங்கே தீர்மானிக்கவில்லை. கூப்பிட்டபோது ஆள் இல்லை, அவ்வளவுதான்.

வாதியும் அவருடைய வக்கீலும் வராமல், பிரதிவாதி மட்டும் வந்து நின்றால், 1908-ஆம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டம் 9-ஆம் கட்டளை, 8-ஆம் விதிப்படி வழக்கு தள்ளுபடி ஆகும். இரு தரப்பும் வராவிட்டாலும் தள்ளுபடி செய்யலாம். ஆனால் அந்த வழக்கை, காலவரம்பு மிச்சமிருந்தால், புதிதாகவே போடலாம். பிரதிவாதி வந்திருந்து வாதி மட்டும் தவறியிருந்தால் அதே காரணத்துக்குப் புது வழக்கு கிடையாது. பழைய வழக்கையே மறுபடி கோப்புக்கு எடுக்கச் சொல்லி, தள்ளுபடியான நாளிலிருந்து 30 நாளுக்குள் மனு போட வேண்டும்.

வரப்புத் தகராறில் வழக்குப் போட்ட ஒரு அம்மா, மகளின் பிரசவத்துக்காக ஆஸ்பத்திரியில் இருந்தபோது வாய்தா தவறிப்போனது. முந்தைய வக்கீலும் அன்று போகவில்லை. மாதங்கள் கழித்து என்னிடம் வந்து, "கேஸ் முடிஞ்சுபோச்சுன்னு பங்காளிங்களே சொல்லிட்டாங்க வக்கீலம்மா" என்றார். எதிராளி சொன்னதைத் தீர்ப்பாக எடுத்துக்கொண்டிருக்கிறார்! மஞ்சள் பையில் மகளின் டிஸ்சார்ஜ் சீட்டு பத்திரமாக இருந்தது. அதை வைத்துப் பிரமாணப் பத்திரம் தயாரித்து, தாமதத்தை மன்னிக்க ஒரு மனு, வழக்கைக் கோப்புக்கு எடுக்க ஒரு மனு என இரண்டும் போட்டோம். எதிர்த்தரப்புக்குச் செலவுத்தொகை கட்டச் சொல்லி, கோர்ட் அனுமதித்தது.

வக்கீல் வராததற்குக் கட்சிக்காரரைத் தண்டிக்கலாமா? 1981-இல் ரஃபீக் எதிர் முன்ஷிலால் வழக்கில், கூடாது என்றது உச்ச நீதிமன்றம். வக்கீலை அமர்த்தி, கட்டணமும் கொடுத்த கிராமத்துக்காரர், அவர் கோர்ட்டுக்குப் போனாரா என்று காவல் காக்க வேண்டியதில்லை என்பதே அதன் சாரம். அதற்காக எல்லாக் கதையும் எடுபடாது; கட்சிக்காரரே அக்கறையில்லாமல் இருந்தால் கோர்ட் இரங்குவதில்லை.

செக் மோசடி வழக்குகளில் ஆபத்து இன்னும் அதிகம். புகார்தாரர் வராவிட்டால் எதிரி விடுதலையே ஆகிவிடலாம்; அதே மாஜிஸ்திரேட்டிடம் மனு போட்டு வழக்கை மீட்க வழியில்லை. 2024 ஜூலையில் நடைமுறைக்கு வந்த புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 279-ஆவது பிரிவு, விடுதலைக்கு முன் புகார்தாரருக்கு 30 நாள் அவகாசம் தரச் சொல்கிறது. அது பெரிய ஆறுதல்.

ஒவ்வொரு வழக்குக்கும் 16 இடங்கள் கொண்ட சி.என்.ஆர். எண் உண்டு. இ-கோர்ட்ஸ் செயலியில் அதைப் போட்டால் அடுத்த வாய்தா தெரிந்துவிடும். என் கட்சிக்காரர்களுக்கு அந்த எண்ணைக் கட்டின் மேலேயே எழுதிக் கொடுக்கிறேன். செல்போன் பழக்கமில்லாதவர் என்றால், வீட்டில் படிக்கிற பிள்ளையையும் ஒருமுறை கூட்டிவரச் சொல்கிறேன்.