பேப்பர் கப்பும் நமது வியாபாரமும்

டீக்கடையில் பேப்பர் கப் கேட்டு வாங்குபவர், பிளாஸ்டிக்கைத் தவிர்த்துவிட்டதாக நினைக்கிறார். விற்பவர் பலரும் அப்படியே. வெறும் காகிதத்தில் சூடான காபி நிற்குமா? உள்ளே பிளாஸ்டிக் பூச்சு இருப்பதால்தான் நிற்கிறது.

2019 ஜனவரி 1 முதல் தமிழ்நாட்டில் தடை செய்யப்பட்ட 14 வகைப் பொருள்களில் இதுவும் அடக்கம். 2023-இல் உச்ச நீதிமன்றமும் இத்தடையை ஏற்றது. சோதனைக்கு வருவோர் முதலில் ஏறுவது சிறு கடைப் படிதான். ஆகவே ‘பேப்பர்’ என்று பில் போட்டு அனுப்பும் மொத்த வியாபாரிகள் அந்தச் சரக்கை இறக்காதிருப்பதே முறை.

கண்ணாடி கிளாஸ் என்றால் கழுவ ஆள் வேண்டும், தண்ணீர் வேண்டும். கோடையில் லாரித் தண்ணீர் வாங்கும் கடைக்கு அது சின்னச் செலவல்ல. பார்சலுக்குத் தூக்கு கொண்டு வருவோருக்குக் கப் விலையைக் கழித்துக் கொடுக்கலாம். அதில் நமக்கு நஷ்டமில்லை.