கோர்ட் வாசல் – 14: ஓசூரிலிருந்து டெல்லி வழியாக பெங்களூரு

ஜீவனாம்சம் பற்றிய சென்ற வாரக் கட்டுரையைப் படித்துவிட்டு ஓசூர்ப் பக்கத்திலிருந்து ஒரு பெண் வந்திருந்தார். கையில் பழைய காலண்டர் அட்டை. அதன் பின்பக்கம் முழுக்க வாய்தா தேதிகள். கணவர் பெங்களூரு குடும்ப நீதிமன்றத்தில் போட்ட விவாகரத்து மனு, இவர் புகாரின் பேரில் அதே ஊர் மாஜிஸ்திரேட் கோர்ட்டில் நடக்கும் வரதட்சணைக் கொடுமை வழக்கு, ஓசூரில் இவர் போட்ட ஜீவனாம்ச மனு. அடுத்த வாரம் மூன்றுக்குமே வாய்தா.

"எல்லாத்தையும் ஓசூருக்கே மாத்திட முடியாதா சார்?"

ஓசூரிலிருந்து பெங்களூரு சுமார் 40 கிலோமீட்டர்தான். ஆனால் நடுவில் மாநில எல்லை ஓடுகிறது. வழக்கு கன்னியாகுமரியில் நடந்தால்கூட மாற்றித் தரும் அதிகாரம் நம் உயர் நீதிமன்றத்துக்கு உண்டு. பெங்களூரு வழக்கென்றால் டெல்லிக்குத்தான் போக வேண்டும். 2022 நவம்பரில் இப்படித் திருமணத் தகராறில் வந்த மாற்றல் மனுக்கள் மட்டும் உச்ச நீதிமன்றத்தில் சுமார் 3,000 தேங்கிக் கிடந்தன. ஒவ்வொரு அமர்வும் தினமும் பத்து மனுக்களை எடுக்க வேண்டும் என்று அப்போது முடிவானது.

விவாகரத்து மனு மாறிவிடும் என்று நம்பலாம். கைக்குழந்தை, வருமானம் இல்லை, துணைக்கு வர ஆளில்லை என்று மனைவி சொன்னால் உச்ச நீதிமன்றம் பெரும்பாலும் காது கொடுக்கிறது.

குற்ற வழக்கு அப்படி நகராது. புகார் இவருடையதானாலும் வழக்கை நடத்துவது அரசு. சத்தம் கேட்டு ஓடி வந்த பக்கத்து வீட்டுக்காரர், காயத்துக்குத் தையல் போட்ட டாக்டர், விசாரித்த இன்ஸ்பெக்டர் எல்லாரும் பெங்களூருக்காரர்கள். வாக்குமூலங்கள் கன்னடத்தில். வழக்கை ஓசூருக்குக் கொண்டு வந்தால் இத்தனை பேரும் எல்லை தாண்டி வர வேண்டும். வராமல் போனால் நஷ்டம் இவருக்குத்தான். 1978-இல் மேனகா காந்தி தன் மீதான அவதூறு வழக்கை பம்பாயிலிருந்து டெல்லிக்கு மாற்றக் கேட்டபோது, நீதிபதி கிருஷ்ணய்யர் மறுத்துவிட்டார். நியாயமான விசாரணை நடக்காது என்பதற்கு வலுவான காரணம் வேண்டும், ஒருவருடைய வசதி மட்டும் போதாது என்பது அன்று வகுத்த அளவுகோல். கோர்ட் வாசலில் மிரட்டல் இருந்தால், அதைப் போலீஸில் எழுதிக் கொடுத்த நகலோடு கேட்கலாம்.

எனக்கு வருத்தம் வேறு. புகாரையே இவர் ஓசூரில் கொடுத்திருக்கலாம். அடி விழுந்தது புகுந்த வீட்டில் என்றாலும், அந்த வேதனை தாய் வீடு வரை தொடர்கிறது. ஆகவே தஞ்சம் புகுந்த ஊரிலேயே வழக்குத் தொடரலாம் என்று 2019 ஏப்ரலில் உச்ச நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகள் சொல்லிவிட்டார்கள். 'அந்த ஊருக்கே போய்க் கொடும்மா' என்று திருப்பி அனுப்புகிறவர்கள் இன்னும் இருக்கிறார்கள்.

பேச்சுவாக்கில் இன்னொன்று தெரிந்தது. இரண்டு வருடமாக அந்தக் குற்ற வழக்கின் ஒவ்வொரு வாய்தாவுக்கும் குழந்தையோடு பஸ் ஏறியிருக்கிறார். வாய்தா தோறும் நிற்க வேண்டியது குற்றம் சாட்டப்பட்டவர். புகார் கொடுத்தவர் சம்மன் வரும்போது சாட்சி சொல்லப் போனால் போதும். இதை யாருமே அவருக்குச் சொல்லவில்லை.

கேட்டதும் கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். பிறகு என் பேனாவை வாங்கி, அட்டையிலிருந்த மூன்று தேதிகளில் ஒன்றை அடித்தார்.