அஞ்சடியில் பாடிய பெட்டி

தெலுக் இந்தானுக்குத் தெலுக் ஆன்சன் என்று பெயர் வழங்கிய காலத்தில், முதல் உலக யுத்தம் ஓய்ந்து இரண்டாவது யுத்தம் மூளாதிருந்த அந்த இருபது ஆண்டுகளில், சுற்றுவட்டார ரப்பர்த் தோட்டத்து லயங்கள் பெரும்பாலும் மண்ணெண்ணெய் விளக்கையே நம்பியிருந்தன. ஆயினும் கிராணியார் வீட்டு முன்வாசலும் கடைத்தெருவின் அஞ்சடியும் அந்தி வேளையில் சங்கீத சபையாக மாறுவதற்கு மின்சாரம் அவசியமாயிருக்கவில்லை. கிராமபோன் என்னும் யந்திரத்துக்குக் கைவலிமை ஒன்றே போதும்.

கைப்பிடியைச் சுற்றச் சுற்றப் பெட்டிக்குள் சுருண்டு கிடக்கும் எஃகுப் பட்டை இறுகுகிறது. அது தளர்கையில் தட்டு சுழல்கிறது. இறுகிய சுருள் முதலில் மூர்க்கமாகவும் பின்னர் சோர்ந்தும் இழுக்குமாதலால், நிமிஷத்துக்கு 78 சுற்று என்ற நிதானத்தில் அதை நிறுத்தச் சுழல்தண்டில் மூன்று சிறு குண்டுகளைப் பிணைத்திருப்பார்கள். வேகம் மிகுந்தால் அவை வெளியே விரிந்து, தண்டோடிணைந்த வட்டைத் தோல் துண்டின்மேல் உராயவைத்து வேகத்தைத் தணிக்கும். இசைத்தட்டின் வரியில் ஓடும் ஊசி பக்கவாட்டில் நடுங்க, அந்நடுக்கம் ஒரு மெல்லிய தகட்டை அசைத்துக் குழல் வழியே பெருகி வெளிவருகிறது.

இசைத்தட்டோ, இந்தியாவில் மரக்கிளைகளில் பூச்சிகள் சுரக்கும் அரக்கையும் கல்பொடியையும் கலந்து அழுத்திச் செய்தது. (பால்மரத்தை நம்பிப் பிழைத்தவர்கள் பூச்சியரக்கில் பாட்டுக் கேட்டார்கள்!) கல்பொடி, ஊசிமுனையைத் தேய்த்து வரிக்குப் பொருந்தச் செய்கிறது, ஆகவே ஒரு பக்கம் பாடியதும் ஊசியை எறிந்துவிட வேண்டும். சிக்கனம் கருதிப் பழைய ஊசியையே மீண்டும் போட்டவர் வீட்டில் பாட்டு கரகரத்துத் தட்டும் பாழாயிற்று.

பத்தங்குலத் தட்டின் ஒரு பக்கம் ஏறக்குறைய 3 நிமிஷமே பாடும். விடிய விடிய நாடகமேடையில் பாடிப் பழகிய கிட்டப்பாவும் சுந்தராம்பாளும் இந்த அளவுக்குள் தம் சங்கீதத்தைச் சுருக்க நேர்ந்தது. எனக்கு இது நஷ்டமாகத் தோன்றவில்லை, ஏனெனில் 1933-ல் கிட்டப்பா மறைந்த பிறகும் அவர் குரலைக் கேட்க வழி அந்த இசைத்தட்டு ஒன்றே. ஹிஸ் மாஸ்டர்ஸ் வாய்ஸ் கம்பெனி 1931-ல் வெளியிட்ட 102-ஆம் எண் பெட்டி கையில் தூக்கிச் செல்லத்தக்கது. கித்தா விலை வீழ்ந்து கூலி குறைந்த அக்காலத்தில் அதைச் சொந்தமாக வாங்க இயன்றோர் சிலரே. கேட்க வந்தோர் பலர்.

ஒலியைக் கூட்டத் திருகு கிடையாது; பருத்த ஊசி உரக்கவும் மெல்லிய ஊசி தாழ்ந்தும் பாடும். வாசலில் கூட்டம் கூடிய நாளில், தட்டு விரைவில் தேயுமென்று தெரிந்தும், பருத்த ஊசியையே போட வேண்டியிருந்தது.