காலனியிலும் அந்நியர், பேரணியிலும் அந்நியர்

அமெரிக்கக் கறுப்பின மக்களின் போராட்டத்தைப் பேசாத தலித் மேடை நம் மாவட்டத்தில் இல்லை. ஏப்ரல் 14 அன்று மேல்புறத்திலோ களியக்காவிளையிலோ ஒலிபெருக்கி கட்டினால், அம்பேத்கருக்கு அடுத்து மார்ட்டின் லூதர் கிங் வந்துவிடுவார். 1972இல் பம்பாயில் தோன்றிய தலித் பேந்தர் இயக்கம் தன் பெயரையே அங்குள்ள கறுஞ்சிறுத்தைகளிடமிருந்து எடுத்தது. அதற்கும் முன்பு, 1946இல், அம்பேத்கர் டு பாய்ஸுக்குக் கடிதம் எழுதினார். கறுப்பின மக்கள் ஐ.நா. சபைக்குக் கொடுத்த மனுவின் நகல் வேண்டும் என்று கேட்டார். டு பாய்ஸ் பதிலும் எழுதினார். இந்த உறவு நமக்குப் பெருமை.

ஆனால் பேயார்ட் ரஸ்டின் என்ற பெயரை நம் மேடைகளில் எத்தனை பேர் கேட்டிருப்போம்? 1963 ஆகஸ்ட் 28 அன்று வாஷிங்டனில் சுமார் இரண்டரை லட்சம் பேர் கூடிய பேரணியில்தான் கிங் தம் கனவைச் சொன்னார். அந்தப் பேரணியை ஊர் ஊராகத் திட்டமிட்டு, வாகனம், தண்ணீர், கழிப்பறை வரை கணக்குப் போட்டு நடத்திக் காட்டியவர் ரஸ்டின். 1948இல் இந்தியா வந்து அறப்போராட்ட முறைகளைக் கற்றுப்போனவர். அவர் ஆணை விரும்பிய ஆண். 1953இல் அதற்காகவே கைது செய்யப்பட்டார். 1960இல் ஒரு கறுப்பின அரசியல் தலைவரே, 'ரஸ்டினை விலக்காவிட்டால் கிங்குக்கும் அவருக்கும் தொடர்பு என்று சொல்வேன்' என்று மிரட்டினார். ரஸ்டின் விலக முன்வந்தார். கிங்கும் அதை ஏற்றுக்கொண்டார். மூன்று ஆண்டு கழித்து, பேரணிக்குச் சில வாரம் முன்பு, ஒரு வெள்ளையர் மேலவை உறுப்பினர் அதே பழியை அவையில் கிளப்பினார். அப்போது முதிய தொழிற்சங்கத் தலைவர் ரேண்டால்ஃப் 'இவர் எங்கள் ஆள்' என்று உறுதியாக நின்றார். அதனால்தான் பேரணி நடந்தது. ரஸ்டினுக்கு நாட்டின் உயரிய விருது 2013இல் கிடைத்தபோது அவர் இறந்து 26 ஆண்டு ஆகியிருந்தது.

நிறத்துக்காக வெள்ளையர் ஒதுக்கினார்கள், காதலுக்காகச் சொந்த மக்கள் ஒதுக்கினார்கள். ஆட்ரி லார்ட், ஜேம்ஸ் பால்ட்வின் என்று கறுப்பின எழுத்தாளர்கள் பலர் இதே இரட்டைப் பூட்டுக்குள் இருந்துதான் எழுதினார்கள். 1989இல் கிம்பர்லே கிரென்ஷா என்ற சட்டப் பேராசிரியர் இதை நாற்சந்தி விபத்தோடு ஒப்பிட்டார். சந்தியின் நடுவில் நிற்பவர்மேல் எந்தப் பக்கத்து வண்டியும் மோதலாம். சில நேரம் எல்லாப் பக்கத்திலிருந்தும் மோதும். மேம்பாலம் வருவதற்கு முன்பு மார்த்தாண்டம் சந்திப்பைக் கால்நடையாகக் கடந்தவர்களுக்கு இதற்கு மேல் விளக்கம் வேண்டாம்.

அருமனை சுற்றுவட்டாரத்தில் நாங்கள் நடத்தும் மாலை வகுப்புகளுக்கு வரும் பிள்ளைகளில் சிலர் இந்தச் சந்தியில்தான் நிற்கிறார்கள். பெயர் போட வேண்டாம் என்று கேட்டுக்கொண்டதால் போடவில்லை. ஒருவரின் அப்பா அடுத்தவர் தோட்டத்தில் ரப்பர் பால் வெட்டுகிறார். அம்மா முந்திரி ஆலைக்குப் போகிறார். பிள்ளைக்கு வயது 19, ஆண் என்று பெயர் கொடுத்து வளர்க்கப்பட்டவர். தன்னை அப்படி உணரவில்லை என்பதை முதலில் சொன்னது திருவனந்தபுரத்தில் உள்ள நண்பர் வட்டத்திடம். அவர்கள் நல்லவர்கள், ஆங்கிலம் பேசுகிறவர்கள், வாடகை வீட்டில் இடமும் கொடுத்தார்கள். ஆனால் 'வீடு எங்கே, அப்பாவுக்கு என்ன வேலை, முழுப்பெயர் என்ன' என்ற கேள்விகள் வந்ததும் இவர் பேச்சை நிறுத்திக்கொள்கிறார். அந்தக் கேள்விகள் எங்கே போய் முடியும் என்று நம் பிள்ளைகளுக்குத் தெரியும்.

"சங்கத்துல நான் சாம்பவன், அங்க நான் அவங்களுக்க கூட்டம். முழுசாட்டு ஒரு எடத்திலயும் இல்ல, அண்ணா" என்றார்.

பால்புதுமையினர் இயக்கத்தில் சாதி இல்லை என்று நகரத்து நண்பர்கள் சொல்வதுண்டு. (பால்புதுமையினர் என்ற சொல் வாசகர்கள் சிலருக்குப் புதிதாக இருக்கலாம். ஆண்-பெண் என்ற இரண்டே வரையறைக்குள் அடங்காத பாலினமோ காதலோ கொண்டவர்கள் அனைவரையும் குறிக்கும் சொல். கேலிச் சொற்களுக்கு மாற்றாக மரியாதையான சொற்பட்டியல் ஒன்றைத் தமிழக அரசு 2022இல் வெளியிட்டது.) 2015இல் மும்பைத் தாய் ஒருவர் தம் மகனுக்கு மணமகன் தேடி நாளிதழில் விளம்பரம் கொடுத்தார். இந்தியாவில் இப்படி ஒரு விளம்பரம் வந்தது அதுவே முதல்முறை என்று எல்லோரும் கொண்டாடினார்கள். அந்த விளம்பரத்தில் சாதி தடையில்லை என்று எழுதிவிட்டு, ஐயர் என்றால் விருப்பம் என்றும் எழுதியிருந்தது. ஆணுக்கு ஆண் தேடும் அளவுக்குத் துணிந்த வீட்டிலும் சாதி வாசல் தாண்டவில்லை! அதே ஆண்டு தில்லிப் பேரணியில் தலித் இளைஞர்கள் சிலர், தங்கள் சாதி அடையாளத்தையும் பால் அடையாளத்தையும் ஒரே அட்டையில் எழுதிப் பிடித்து நடந்தார்கள். அங்கும் முகம் சுளித்தவர்கள் உண்டு.

திருநங்கையர் சமூகத்துக்குள்ளும் சாதி இருக்கிறது என்று வெளிப்படையாகப் பேசியவர்களில் தமிழகத்தில் இருவரைச் சொல்லலாம். ஒருவர் லிவிங் ஸ்மைல் வித்யா. அவருடைய தன்வரலாறு 'நான், வித்யா' 2007இல் வந்தது. அதைத் தழுவிய கன்னடப் படத்துக்குத் தேசிய விருதும் கிடைத்தது. இன்னொருவர் தூத்துக்குடி மாவட்டத்தின் கிரேஸ் பானு. பள்ளியில் மற்றப் பிள்ளைகள் வந்தபின் வா, அவர்கள் போகும்முன் போ என்று நேரம் குறித்து ஒதுக்கப்பட்டவர். வீட்டை விட்டு வெளியேறி, மூத்த திருநங்கையர் அரவணைப்பில் படித்து, 2014இல் அரக்கோணம் அருகே தனியார் கல்லூரியில் சேர்ந்து தமிழகத்தின் முதல் திருநங்கைப் பொறியியல் மாணவி ஆனார். கோவில்பட்டியை அடுத்த மந்தித்தோப்பில் திருநங்கையருக்கான பால் உற்பத்தியாளர் கூட்டுறவுச் சங்கம் 2020இல் அமையவும் அவரே முன்னின்றார். மாடு, தொழுவம், வீடு, சொசைட்டியில் பால் அளக்கும் கணக்குப் புத்தகம்: கிராமத்தில் ஒருவர் ஊராராக மதிக்கப்பட இவையெல்லாம் வேண்டியிருக்கிறது.

கிரேஸ் பானு எழுப்பிய முக்கியமான கேள்வி சான்றிதழ் பற்றியது. மாணவர்கள் இதைக் கவனமாகப் படிக்க வேண்டும். 2014 ஏப்ரல் 15 அன்று உச்ச நீதிமன்றம், பாலினத்தைத் தானே அறிவித்துக்கொள்ளும் உரிமை திருநருக்கு உண்டு என்றது. கல்வி, வேலையில் இடஒதுக்கீடு கொடுக்கவும் சொன்னது. தமிழக அரசு 2015இல் திருநரை மிகவும் பிற்படுத்தப்பட்டோர் பட்டியலில் சேர்த்தது. பார்த்தால் நல்லது போலத்தான் தெரியும். ஆனால் பட்டியலினத்தில் பிறந்த திருநங்கை என்ன செய்வார்? சாதிக்குரிய ஒதுக்கீடா, பாலினத்துக்குரிய ஒதுக்கீடா, ஒன்றை விட்டால்தான் மற்றது. எஸ்.சி. பட்டியலில் நின்றால் அங்கே திருநங்கை என்பதற்கு இடமில்லை. எம்.பி.சி.க்குப் போனால் தலித் என்பது மறைந்துபோகும். இதற்குத் தீர்வு, எல்லாப் பிரிவுக்குள்ளும் ஊடே செல்லும் கிடைமட்ட ஒதுக்கீடு. மாற்றுத்திறனாளிகளுக்கு அப்படித்தான் தரப்படுகிறது. கர்நாடகம் 2021இல் அரசு வேலைகளில் 1 விழுக்காடு இந்த முறையில் கொடுத்துவிட்டது. கிரேஸ் பானு 2023இல் விளக்கம் கேட்டு உச்ச நீதிமன்றம் போனார், மனு ஏற்கப்படவில்லை. 2024 ஜூனில் சென்னை உயர் நீதிமன்றம், திருநரை ஒரு சாதி போல எம்.பி.சி. பட்டியலில் வைத்தது தவறு என்று தீர்ப்பளித்தது.

2011 கணக்கெடுப்பில் ஆண், பெண் அல்லாதவர் என்று நாடு முழுவதும் பதிவானவர்கள் 4,87,803 பேர். அவர்களில் பட்டியலினத்தவர் 78,811. ஏறக்குறைய ஆறில் ஒருவர்.

நம் மாவட்டத்தில் இந்தச் சிக்கலுக்கு மூன்றாவது முடிச்சும் உண்டு. விளவங்கோடு பகுதித் தலித் குடும்பங்களில் பல, மிஷன் காலத்திலிருந்து கிறிஸ்தவர்கள். 1950 குடியரசுத் தலைவர் ஆணை இந்துக்களை மட்டுமே பட்டியலினமாக ஏற்றது. 1956இல் சீக்கியரையும் 1990இல் பௌத்தரையும் சேர்த்தார்கள். கிறிஸ்தவர் இன்றும் வெளியேதான். தமிழகத்தில் அவர்கள் பி.சி. ஆக, ஒரே குடிசையில் அண்ணன் எஸ்.சி., தம்பி பி.சி. என்ற வேடிக்கை நமக்குப் பழகிப்போனது. இப்போது அந்தத் தம்பி, 'நான் தங்கை' என்று சொன்னால்? தாலுகா அலுவலகத்தில் மூன்று சன்னல். மூன்றிலும் 'நீ இங்கே இல்லை, அடுத்ததுக்குப் போ'.

உடுப்பைப் பற்றியும் சொல்ல வேண்டும். உடம்பில் எதை உடுத்தலாம் என்று ஊர் கூடி முடிவு செய்த மண் இது. தோள்சீலைப் போராட்டத்தின் முடிவில் 1859இல் வந்த அரசாணை நாடார் பெண்களுக்கு வழிவிட்டது. நம் பெண்களுக்கு அதே நாளில் கிடைத்துவிடவில்லை. 1915இல் பெரிநாட்டில் அய்யன்காளியின் வழி நின்ற புலையர் பெண்கள், அடிமைச் சின்னமான கல்மாலையை அறுத்தெறிந்தார்கள். அந்த வரலாற்றைப் பாடமாக நடத்தும் நாமே, நம் தெருவில் ஒரு பிள்ளை சுடிதார் போட்டு நடந்தால் கல்லெடுக்கிறோம். எங்கள் கண் முன்னாலேயே நடந்தது. எறிந்தவன் கழுத்தில் நீலத் துண்டு.

இலக்கணம் படித்தவர்களுக்கு இன்னொன்று. தொல்காப்பியர் இவர்களை உயர்திணையில்தான் வைத்தார். அவர்களுக்கெனத் தனி ஈறு இல்லாததால் உயர்திணை ஈற்றையே கொள்ளட்டும் என்றார். பின்னால் வந்த நன்னூலார், அஃறிணை போல வருவதற்கும் வழி திறந்தார். இன்று தெருவில் திருநங்கையை 'அது வருது' என்கிறார்கள். தாத்தா வயதுத் தலித்தைப் பத்து வயதுப் பண்ணைப் பையன் 'ஏலே' என்று கூப்பிட்ட கொடுமையை மறக்காத நாம், இந்த 'அது'வின் வலியை யாரிடமும் கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டியதில்லை. நம் ஊர் வழக்கில் இளையவர் யாரானாலும் 'மக்களே' என்றுதான் வாய் நிறையக் கூப்பிடுவோம். அதில் ஆண்பாலும் இல்லை, பெண்பாலும் இல்லை.

'அம்பேத்கர் இதெல்லாம் பேசினாரா?' என்று ஒரு மூத்த தோழர் கேட்டார். பேசினார், அதுவும் நீதிமன்றத்தில். பம்பாயில் ஆர்.டி.கார்வே என்பவர் பாலியல் அறிவுக்காக 'சமாஜ் ஸ்வாஸ்த்ய' என்ற மராத்தி இதழை நடத்தினார். வாசகர்களின் அந்தரங்கக் கேள்விகளுக்கு வெளிப்படையாகப் பதில் எழுதியதற்காக ஆபாச வழக்கு போட்டார்கள். 1934இல் கார்வேக்காக வாதாடியவர் அம்பேத்கர். அறியாமையை அறிவால்தான் போக்க முடியும், கேட்கும் வாயை அடைத்து அல்ல என்பது அவர் வாதத்தின் சாரம். வழக்கு தோற்றது. கறுஞ்சிறுத்தைகளின் ஹுயி நியூட்டனும் 1970 ஆகஸ்டில், தன்பாலீர்ப்பாளர் விடுதலை இயக்கத்தைத் தோழமை இயக்கமாகக் கருத வேண்டும் என்று தம் தோழர்களிடம் சொன்னார். பெயரை மட்டும் எடுத்துக்கொண்டோம், இதை எடுத்துக்கொள்ளவில்லை.

நியூயார்க்கின் ஹார்லம் பகுதியில், வீட்டிலிருந்து விரட்டப்பட்ட கறுப்பினப் பிள்ளைகள் 1970களில் புதிய வீடுகளை உண்டாக்கினார்கள். ஒவ்வொரு வீட்டுக்கும் ஒரு 'தாய்'. சோறு, படுக்கை, மேடையேற உடை எல்லாம் அவள் பொறுப்பு. அழகுப் போட்டி நடுவர்கள் வெள்ளையருக்கே பட்டம் கொடுக்கிறார்கள் என்று சண்டையிட்ட கிறிஸ்டல் லபேஜா தொடங்கியது முதல் வீடு. நம் திருநங்கையரின் அம்மா-மகள் முறை அதைவிட மிகப் பழையது. அங்கும் இங்கும் வேர் ஒன்றுதான்: பெற்ற வீடு கதவைச் சாத்தியது.

பெற்றோர்களுக்கு ஒரு செய்தி. பிள்ளையை ஜெபக்கூடத்தில் கட்டிப்போட்டோ மந்திரவாதியிடம் கொண்டுபோயோ மாற்ற முடியாது. மருந்து கொடுத்து மாற்றுகிறேன் என்று சொல்லும் மருத்துவர் தொழில் ஒழுங்கீனம் செய்கிறார் என்று தேசிய மருத்துவ ஆணையம் 2022இல் அறிவித்தது. மதுரையிலிருந்து சென்னைக்கு ஓடிவந்த இரு பெண்களின் வழக்கில் 2021 ஜூனில் சென்னை உயர் நீதிமன்றம் காட்டிய வழியின் தொடர்ச்சி அது. காணவில்லை என்று பெற்றோர் புகார் கொடுத்தாலும், வயதுக்கு வந்தவர்கள் மனமொத்து வாழ்கிறார்கள் என்று தெரிந்தால் காவல்துறை தொந்தரவின்றி முடிக்க வேண்டும் என்றது அந்த வழக்கு. 2025 மே மாதம் அதே நீதிமன்றம், திருமணம் ஒன்றே குடும்பம் அமைக்கும் வழி அல்ல, தேர்ந்தெடுத்த குடும்பமும் குடும்பமே என்றது. சட்டம் எல்லா இடத்திலும் இப்படி இல்லை. 2019இல் வந்த திருநர் சட்டம், அவர்கள்மீதான பாலியல் கொடுமைக்கு 6 மாதம் முதல் 2 ஆண்டு வரைதான் தண்டனை வைத்தது. மற்றப் பெண்ணுக்கு நடந்தால் வன்புணர்வுக்குக் குறைந்தது 10 ஆண்டு.

எங்கள் படிப்பகத்தின் உறுப்பினர் படிவத்தில் ஆண், பெண் என்ற இரண்டு கட்டம்தான் இருந்தது. அந்தப் பிள்ளை படிவத்தை நிரப்பாமலே இரண்டு வருடமாக வெளித்திண்ணையில் இருந்து புத்தகம் படித்துப் போகிறார். போன மாதக் கமிட்டியில் மூன்றாவது கட்டம் ஒன்று சேர்க்க வேண்டும், நிர்வாகக் குழுவிலும் அவருக்கு இடம் வேண்டும் என்று தீர்மானம் வைத்தோம். ஐந்து பேர் எதிர்த்தார்கள், நான்கு பேர் ஆதரித்தார்கள். எதிர்த்தவர்களில் ஒருவர் கூட்டம் முடிந்து வெளியே வந்து, "நம்ம புள்ளதானே, படிவத்துல இருக்கட்டு. கமிட்டி பின்ன பாக்கிலாம்" என்றார். அடுத்த கூட்டம் வரும் ஞாயிறு மாலை 5 மணிக்கு. தீர்மானத்தை மறுபடி வைக்கிறோம், இரண்டு பகுதியையும் சேர்த்தே.