கனவில் வந்த நாய்

தொழுகையைப் பற்றியும் ஜகாத்தைப் பற்றியும் ஐயம் கேட்க வருவோரைவிடக் கண்ட கனவுக்குப் பொருள் கேட்க வருவோரே நம் ஊர்களில் மிகுதி. அதிலும் கனவில் பாம்போ நாயோ வந்துவிட்டால் வீடே கலங்கிப் போகிறது. பாம்பைப் பற்றிப் பிறகொரு முறை பார்ப்போம். இம்மாதம் நாயை மட்டும் எடுத்துக்கொள்வோம்; அதற்குக் காரணம் உண்டு.

புதுச்சேரியிலிருந்து கிழக்குக் கடற்கரைச் சாலையில் வடக்கு நோக்கிச் சென்றால், கோட்டக்குப்பத்தை அடுத்து வருவது எங்கள் பெரிய முதலியார்சாவடி. அதற்கும் வடக்கே நெடுந்தொலைவு சென்றால் மரக்காணத்து உப்பளங்கள். இக்கரையோர ஊர் ஒன்றில் வாழும் தாய் ஒருவர், தம் மகளுக்கு வந்த சம்பந்தத்தைக் குறித்து இஸ்திகாரா தொழுதார். மாப்பிள்ளை நல்ல பிள்ளை, தொழுகையாளி, மரக்காணத்தில் உப்பு வியாபாரம் செய்யும் குடும்பம். தொழுதுவிட்டுப் படுத்த அன்றிரவே அவர் கனவில் கறுப்பு நாயொன்று வாசற்படியில் வந்து படுத்துக்கொண்டது, விரட்டினால் உறுமியது. விடிந்ததும் அண்டை வீட்டார் கனவுப்பலன் புத்தகத்தை எடுத்துக் கொடுத்தனர். நாய் என்றால் பகைவன், கறுப்பு நாய் என்றால் இழிகுணமுள்ள பகைவன் என்று அதில் அச்சிடப்பட்டிருந்தது. சம்பந்தத்தை வேண்டாமென்று சொல்லிவிடலாமா என்று கேட்கவே அவர் நம்மிடம் வந்தார். அவர் கையில் அப்புத்தகமும் இருந்தது. அட்டையில் இமாம் இப்னு ஸீரீன் (ரஹ்) அவர்களின் பெயர்!

வாசகர்களே, அந்தப் பெயரிலிருந்தே தொடங்குவோம். தர்கா வாசல் கடைகளிலும் பேருந்து நிலையங்களிலும் விற்கப்படும் கனவுப்பலன் நூல்களில் பல அப்பெரியாரின் பெயரைத் தாங்கியே வருகின்றன. முஹம்மது இப்னு ஸீரீன் (ரஹ்) அவர்கள் பஸராவில் வாழ்ந்த தாபியீ. அவர்களுடைய தந்தையார், அனஸ் இப்னு மாலிக் (ரலி) அவர்களால் உரிமை விடப்பட்டவர். இமாமவர்கள் துணி வியாபாரம் செய்து பிழைத்தார்கள். கடனில் சிக்கிச் சிறையிருந்ததும் உண்டு. ஹிஜ்ரி 110இல், அதாவது கி.பி. 729இல், மறைந்தார்கள். கனவுக்கு விளக்கம் சொல்வதில் பெயர்பெற்றவர்கள் என்பது உண்மையே. ஆனால் இன்று அவர்கள் பெயரால் அச்சாகும் பெருநூலில், அவர்கள் காலத்திற்குப் பிறகு வாழ்ந்தவர்களின் கூற்றுகளும் காணப்படுகின்றன. தமக்குப் பின் பிறந்தவரின் சொல்லை ஒருவர் எவ்வாறு எழுதியிருக்க முடியும்? பிற்காலத்தார் தொகுத்து, பெரியாரின் பெயரை முகப்பில் வைத்தனர் என்றே ஆய்ந்தோர் கருதுகின்றனர். கனவுப் பொருள்களை அகர வரிசையில் அடுக்கித் தந்த டமாஸ்கஸ் நகரத்து அப்துல் கனீ நாபுலுஸீ அவர்களோ கி.பி. 1731இல் மறைந்தவர். நம் கைக்கு வரும் சிறு புத்தகங்கள், இப்பெருநூல்களிலிருந்து காரணங்களையெல்லாம் கழித்துவிட்டுப் பலனை மட்டும் பெயர்த்தெடுத்தவை.

இதைவிட வியப்பான செய்தி ஒன்றுண்டு. கனவுகள் மூவகை என்னும் நபிமொழியை நாம் அறிவோம். அல்லாஹ்விடமிருந்து வரும் நற்செய்தி ஒன்று. ஷைத்தான் ஊட்டும் துயரம் ஒன்று. மனிதன் தன் உள்ளத்தோடு பேசிக்கொள்வது ஒன்று. இதை அபூஹுரைரா (ரலி) அவர்களிடமிருந்து கேட்டு அறிவிப்பவர் யார்? ஸஹீஹ் முஸ்லிமைத் திறந்து பாருங்கள்: அதே முஹம்மது இப்னு ஸீரீன்! காணும் கனவுக்கெல்லாம் பொருளுண்டு என்று எவர் பெயரால் விற்கிறார்களோ, அவரே கனவுகளில் ஒரு வகைதான் செய்தி தாங்கி வருவது என்னும் நபிமொழியை நமக்குக் கொண்டுவந்து சேர்த்தவர்.

ஆகவே கனவில் நாய் வந்தால் முதலில் கேட்க வேண்டியது அதன் நிறத்தையன்று. அது இம்மூன்றில் எவ்வகை என்பதையே. நம் கடற்கரையின் நிலையை எண்ணிப் பாருங்கள். மீன் ஏலம் விடும் இடங்களில் நாய்க்கூட்டம். வெயிலுக்கு அஞ்சி விடியுமுன்னே உப்பளத்துக்கு நடப்போரை வழிமறிக்கும் நாய்கள். ஃபஜ்ருக்குச் செல்லும் முதியவர் கைத்தடியோடுதான் தெருவில் இறங்குகிறார். காலையில் ஓத வரும் பிள்ளைகள், எந்தச் சந்தில் எந்த நாய் படுத்திருக்கும் என்று மனப்பாடமாக அறிந்து வைத்திருக்கின்றனர். அலிஃப், பே அவ்வளவு விரைவில் மனப்பாடமாவதில்லை! பகலெல்லாம் அஞ்சிய ஒன்று இரவில் கனவாக வருவதில் என்ன புதுமை? நாய்க்கனவுகளில் பெரும்பாலானவை மூன்றாம் வகையைச் சேர்ந்தவை என்பதே நம் எண்ணம். இவற்றுக்குப் பலன் தேடுவது, கிணற்றில் தெரியும் தன் முகத்தை வேறொருவர் என்றெண்ணிப் பேச்சுக் கொடுப்பதைப் போன்றது.

இரண்டாம் வகையாயின் அதற்கும் மருந்து சொல்லப்பட்டிருக்கிறது. இடப்புறம் மும்முறை இலேசாக உமிழ்ந்து, ஷைத்தானின் தீங்கிலிருந்தும் கண்டதன் தீங்கிலிருந்தும் அல்லாஹ்விடம் காவல் தேடி, புரண்டு மறுபக்கம் படுத்துக்கொள்ள வேண்டும். எழுந்து தொழுவது இன்னும் நன்று. எவரிடமும் சொல்லக் கூடாது. அவ்வாறு செய்தால் அக்கனவு தீங்கு செய்யாது என்பது நபிகள் நாயகம் (ஸல்) அவர்களின் வாக்குறுதி. கனவு கண்டு நோயாளிபோல் ஆகிவந்த அபூஸலமா (ரஹ்) என்னும் தாபியீ, அபூகதாதா (ரலி) அவர்களிடம் இந்நபிமொழியைக் கேட்டபின் கவலையே அற்றுப்போனதாகக் கூறியிருக்கிறார். தம் தலை வெட்டப்பட்டு உருண்டோடுவதாகக் கனவு கண்ட ஒருவர் அண்ணலாரிடம் வந்து சொன்னபோது, ஷைத்தான் உறக்கத்தில் விளையாடுவதைப் பிறரிடம் எடுத்துரைக்க வேண்டாம் என்றே தடுக்கப்பட்டார். நம் வீடுகளிலோ கனவு கண்டவர் படுக்கையை விட்டு எழுமுன் அது மூன்றாம் வீடு வரை போய்விடுகிறது. இப்போது கைப்பேசியும் இருப்பதால் துபாய்க்கும் சிங்கப்பூருக்கும்கூடப் போய்விடுகிறது.

முதல் வகைக் கனவில் நாய் வரக்கூடாதா என்று கேட்பீர்கள். வரலாம். ஆனால் அதற்குப் பொருள் காண்பது புத்தகத்தைப் புரட்டும் வேலையன்று. இமாம் புகாரீ (ரஹ்) அவர்களின் ஸஹீஹில் கனவு விளக்கத்திற்கென்றே ஒரு பகுதி உண்டு. பால் அறிவாகவும், சட்டை மார்க்கப்பற்றாகவும், தலைவிரித்த கறுப்புப் பெண் மதீனாவை விட்டு நீங்கும் கொள்ளைநோயாகவும் விளக்கப்படுவதை அங்கே காணலாம். நாய்க்கென்று அங்கே ஒரு பாடம் இல்லை. பகைவன், புறம் பேசுபவன், இழிந்தவன் என்றெல்லாம் பிற்கால நூலோர் கூறியவை ஒப்புமையால் வந்தவை: குரைப்பது வசைச்சொல்லையும், கடிப்பது பகைவரின் தீங்கையும், ஆடையைக் கிழிப்பது மானக்கேட்டையும் ஒக்கும் என்பது அவர்கள் கணக்கு. அந்நூலோரே வேட்டை நாயையும் மந்தை காக்கும் நாயையும் நன்மையின் பக்கம் சேர்த்திருக்கின்றனர். சிறு புத்தகத்தார் விட்டுவிட்டது இப்பகுதியைத்தான்.

ஒப்புமை என்று வந்துவிட்டால் எந்த நாயோடு ஒப்பிடுவது? வேதவசனங்கள் கிடைத்தும் அவற்றைக் கழற்றியெறிந்து மன இச்சையின்பின் போனவனுக்குத் திருமறை உவமையாகக் காட்டும், நாக்கைத் தொங்கவிட்டு இளைக்கும் நாயோடா (7:176)? இறைநம்பிக்கைகொண்ட இளைஞர்களோடு சென்று குகை வாசலில் முன்கால்களை விரித்துப் படுத்திருந்த நாயோடா (18:18)? வேட்டைக்குப் பழக்கப்பட்டு, அது பிடித்துத் தருவது நமக்கு ஹலாலாக்கப்பட்ட நாயோடா (5:4)? அல்லது தாகத்தால் ஈரமண்ணை நக்கிய அந்த நாயோடா? தம் காலணியில் நீர் மொண்டு அதற்குப் புகட்டியவரின் பாவம் மன்னிக்கப்பட்டதைப் புகாரீ, முஸ்லிம் இரண்டிலும் படிக்கிறோம். வாசற்படியில் படுத்த நாய் என்று அத்தாய் சொன்னதும் நம் நினைவுக்கு வந்தது குகைவாசிகளின் நாயே. இதையே பலனென்று நாம் கூறவில்லை. எப்படியும் கூறிவிடலாம் என்பதற்காகவே சொல்கிறோம்.

இப்னு ஸீரீன் (ரஹ்) அவர்களிடம் இருவர் வந்து, பாங்கு சொல்வதாகக் கனவு கண்டோம் என்றார்களாம். ஒருவருக்கு ஹஜ் கிட்டும் என்றும், மற்றவர் திருட்டுக் குற்றத்தில் அகப்படுவார் என்றும் இமாமவர்கள் விளக்கம் அளித்ததாகச் சொல்லப்படுகிறது. கனவு ஒன்றுதான், கண்டவர்கள் வேறு. கண்டவரின் முகத்தைப் பாராத புத்தகம் இதில் என்ன செய்யும்? அவ்வளவு ஏன், அபூபக்ர் (ரலி) அவர்கள் அண்ணலாரின் முன்னிலையிலேயே ஒரு கனவுக்கு விளக்கம் சொன்னபோது, சிலவற்றில் சரியாகவும் சிலவற்றில் தவறாகவும் சொன்னீர் என்றே பதில் வந்தது. ஸித்தீக்கின் விளக்கத்திலேயே தவறு நேருமென்றால், ஐம்பது ரூபாய்ப் புத்தகத்தை நம்பி ஒரு பெண்ணின் சம்பந்தத்தை முறிக்கலாமா?

அத்தாய் இன்னொன்றும் சொன்னார்: “விடியற்காலையில் கண்டேன், ஹஜ்ரத், அது பலிக்குமே!” இது நம் மண்ணின் நம்பிக்கை. பொன்னவன் கனாநூல் போன்ற பழந்தமிழ் நூல்கள், எந்த ஜாமத்தில் கண்ட கனவு எத்தனை நாளில் பலிக்கும் என்று வகுத்துரைத்தவை. ஸஹர் நேரத்துக் கனவே மிக உண்மையானது என்று திர்மிதீயில் ஓர் அறிவிப்பும் உண்டு. ஆனால் அதன் அறிவிப்பாளர் தொடர் பலவீனமானது. கனவு எப்போது வந்தது என்பது அது எவ்வகையைச் சேர்ந்தது என்பதை முடிவு செய்துவிடாது.

இஸ்திகாராவைப் பற்றியும் ஒரு சொல். ஜாபிர் (ரலி) அவர்கள் அறிவிக்கும் இஸ்திகாரா ஹதீஸில் இரண்டு ரக்அத்து உண்டு, துஆ உண்டு. கனவு என்னும் பேச்சே இல்லை. இக்காரியம் நன்மையானால் எளிதாக்கித் தா, தீமையானால் என்னை விட்டுத் திருப்பிவிடு என்பதே வேண்டுதல். தொழுதுவிட்டுக் கனவுக்காகக் காத்துக் கிடப்பது நாமாகச் சேர்த்துக்கொண்டது. ஆகவே அத்தாயிடம், பையனின் குணத்தையும் கொடுக்கல் வாங்கலையும் மரக்காணத்தில் நாலு பேரிடம் விசாரியுங்கள் என்று சொல்லி அனுப்பினோம். கனவில் படுத்த நாய்க்காக, முகமறியாத ஒரு பிள்ளையை இழிகுணத்தான் என்று எண்ணுவது, திருமறை (49:12) விலக்கும் ஊகத்தில் சேருமல்லவா?

கனவில் நாய் நக்கியது என்று படுக்கை விரிப்பை ஏழு முறை மண்ணிட்டுக் கழுவிய சகோதரியையும் நாம் அறிவோம். வேண்டியதில்லை. ஏழு முறை கழுவும் சட்டம் விழிப்பில் நாய் வாய்வைத்த பாத்திரத்தைக் குறித்து வந்தது. நாயின் உடல் முழுதும் நஜீஸ் என்பதும், உமிழ்நீர் மட்டுமே நஜீஸ் என்பதும் ஷாஃபிஈ, ஹனஃபீ மத்ஹபுகளுக்கு இடையிலுள்ள வேறுபாடு. கனவு நாய்க்கு எந்த மத்ஹபிலும் சட்டமில்லை.

இனி, நாய்க்கனவை நாம் எடுத்துக்கொண்ட காரணத்தைச் சொல்கிறோம். எம் மக்தபில் ஓதும் ஒன்பது வயதுச் சிறுவன் ஒருவன், நாய் கடிக்க வருவதாகக் கனவு கண்டு சில இரவுகள் தொடர்ந்து அலறி எழுந்தான். வீட்டில் கண்ணேறு கழித்தனர். தண்ணீர் ஓதிக் கொடுத்தனர். பாட்டியார் கனவுப் புத்தகத்தைப் பார்த்து, பங்காளிகளில் ஒருவரின் பெயரையும் சொல்லத் தொடங்கிவிட்டார். மதரஸாவுக்கு வந்தவனைத் தனியே அழைத்துக் கேட்டபோது, சற்றுத் தயங்கி, கைலியை விலக்கிக் கெண்டைக்காலைக் காட்டினான். இரண்டு பற்குறிகள். கடிபட்டு ஐந்து நாட்கள் ஆகியிருந்தன. நஜீஸைத் தொட்டுவிட்டு வந்தாயா என்று அடிப்பார்களென்று அஞ்சி மறைத்து வைத்திருக்கிறான். தூய்மையின் சட்டத்தைக் கற்பித்த நாம், கடிபட்டவன் குற்றவாளியல்லன் என்பதையும் சேர்த்துக் கற்பிக்க வேண்டும், பெற்றோர்களே.

அன்றே அவன் அரசு மருத்துவமனைக்கு அழைத்துச் செல்லப்பட்டான். காலந்தாழ்ந்தாலும் ஊசி போட்டே ஆக வேண்டும் என்றார் மருத்துவர். வெறிநாய்க்கடி நோய் வெளிப்பட்டுவிட்டால் பிழைப்பது அரிதினும் அரிது. வெளிப்படுமுன் ஊசி போட்டுவிட்டால் தடுத்துவிடலாம். கடித்தவுடன் ஓடும் நீரில் சோப்பிட்டுப் பதினைந்து நிமிடம் காயத்தைக் கழுவ வேண்டும். மிளகாய்த் தூளோ சுண்ணாம்போ பூசக் கூடாது. ஏழு முறைக் கழுவலை நினைத்துக்கொண்டு திறந்த புண்ணில் மண்ணையும் தேய்க்கக் கூடாது. உயிர் காப்பது முதலில், தூய்மையின் மஸ்அலாவைப் பிறகு ஆலிமிடம் கேட்டுக்கொள்ளலாம். அரசு மருத்துவமனைகளில் ஊசி இலவசமே. முதல் நாள், 3ஆம் நாள், 7ஆம் நாள், 28ஆம் நாள் என நான்கு முறை. பல் பதிந்து இரத்தம் வந்திருந்தால், காயத்தைச் சுற்றிப் போடும் வேறொரு மருந்தும் தேவைப்படும்.

அச்சிறுவனுக்கு நான்கு ஊசிகளும் முடிந்துவிட்டன. கனவு மட்டும் சில நாட்கள் தொடர்ந்தது. அவன் தாயார் ஆயத்துல் குர்ஸீ ஓதி ஊதிவிட்டு, அவனருகிலேயே படுத்துக்கொண்டார். பாட்டியாரின் புத்தகத்தை அதன்பின் யாரும் எடுக்கவில்லை.