திக்குவாயை வென்ற குரல்: கென் வென்டூரியின் கோல்ஃப் வாழ்க்கை

அமெரிக்கத் தொலைக்காட்சியில் 35 ஆண்டுகள் கோல்ஃப் வர்ணனை செய்தவர் கென் வென்டூரி. சிறுவயதில் அவரால் தன் பெயரைக்கூடத் தடையில்லாமல் சொல்ல முடியவில்லை. பேச்சுக்குப் பயந்துதான் அவர் கோல்ஃப் மைதானத்துக்குப் போனார். கை செயலிழந்து ஆட்டம் முடிந்தபோது அவருக்குச் சோறு போட்டது அதே பேச்சுதான். இந்த இரண்டு முனைகளுக்கும் நடுவே, அமெரிக்க கோல்ஃப் வரலாற்றில் யாரும் மறக்காத ஒரு வெற்றி இருக்கிறது.

ஹார்டிங் பார்க் பையன்

வென்டூரி 1931 மே 15 அன்று சான் ஃபிரான்சிஸ்கோவில் பிறந்தார். அந்த ஊரின் பொது மைதானமான ஹார்டிங் பார்க்கில், கோல்ஃப் சாமான்கள் விற்கும் கடையை அவருடைய தந்தை கவனித்துவந்தார். மகனுக்குக் கடுமையான திக்குவாய். இவன் ஒருநாளும் சரளமாகப் பேசப்போவதில்லை என்று ஆசிரியர் தாயிடம் சொல்லிவிட்டார். மற்ற பிள்ளைகளின் கேலிக்கு அஞ்சி, யாரோடும் பேசாமல் தனியே ஆடக்கூடிய விளையாட்டாக அவர் கோல்ஃபைத் தேர்ந்தார்.

தனிமையில் பந்தடிக்கும்போது தனக்குத்தானே பேசிப் பழகினார். அடிக்கப்போகும் ஷாட்டை வர்ணிப்பார், பந்து விழுந்த இடத்தைச் சொல்வார், தடுக்கிய சொல்லை மறுபடி சொல்லிப் பார்ப்பார். கேலி செய்ய ஆளில்லாத அந்த இடத்தில் பேச்சும் ஆட்டமும் ஒரே நேரத்தில் தேறின.

1951-ல் கலிஃபோர்னியா மாநில அமெச்சூர் (தொழில்முறை அல்லாத ஆட்டக்காரர்) பட்டத்தை வென்றார். 1953-ல் அமெச்சூர்களுக்கான வாக்கர் கோப்பைப் போட்டியின் அமெரிக்க அணியில் இடம்பெற்றார். பெரும் ஆட்டக்காரரான பைரன் நெல்சன் அவருக்கு ஆசானாக வாய்த்தார். கார் வியாபாரியும் கோல்ஃப் புரவலருமான எடி லோரி வேலை கொடுத்தார். 1956 ஜனவரியில் சைப்ரஸ் பாயின்ட் மைதானத்தில் லோரியின் முயற்சியால் ஒரு தனிப்பட்ட பந்தயம் நடந்தது. ஒரு பக்கம் பென் ஹோகனும் நெல்சனும். எதிரே அமெச்சூர்களான வென்டூரியும் ஹார்வி வார்டும். மூத்தவர்கள் ஒரே ஒரு குழி வித்தியாசத்தில்தான் ஜெயிக்க முடிந்தது.

கைநழுவிய மாஸ்டர்ஸ்

அதே ஆண்டு ஏப்ரலில் அகஸ்டா மாஸ்டர்ஸ் போட்டி. கோல்ஃபில் குறைந்த ஷாட்டுகளில் முடிப்பவரே வெற்றியாளர். அமெச்சூரான வென்டூரி முதல் சுற்றை 66-ல் முடித்து முன்னிலை பெற்றார். மூன்று சுற்றுகளுக்குப் பிறகும் நான்கு ஷாட் முன்னிலை அவரிடம் இருந்தது. கடைசி நாள் பலத்த காற்று. அவர் எடுத்தது 80. எட்டு ஷாட் பின்தங்கியிருந்த ஜாக் பர்க், ஒரே ஷாட் வித்தியாசத்தில் பட்டத்தைக் கொண்டுபோனார். மாஸ்டர்ஸ் முதன்முதலாகத் தொலைக்காட்சியில் ஒளிபரப்பான ஆண்டு அது. ஒளிபரப்பியது சிபிஎஸ் நிறுவனம். இன்றுவரை எந்த அமெச்சூரும் அந்தப் பட்டத்தை வென்றதில்லை.

ஆண்டு முடிவில் தொழில்முறை ஆட்டக்காரரானார். 1957 முதல் 1960 வரை பத்துப் போட்டிகளை வென்றார். மாஸ்டர்ஸ் மட்டும் கைகூடவில்லை. 1958-ல் கடைசிச் சுற்றில் அர்னால்ட் பால்மருடன் சேர்ந்து ஆடினார். 12-வது குழியில் மண்ணில் புதைந்த பந்துக்காகப் பால்மருக்குச் சாதகமாகக் கிடைத்த தீர்ப்பை அவர் கடைசிவரை ஏற்கவில்லை. 1960-ல் ஆட்டத்தை முன்னிலையோடு முடித்துவிட்டுக் காத்திருந்தார். பால்மர் கடைசி இரண்டு குழிகளிலும் பேர்டி (குழிக்கு நிர்ணயித்த ‘பார்’ எண்ணிக்கையைவிட ஒரு ஷாட் குறைவு) அடித்து ஒரு ஷாட்டில் வென்றார்.

1961-ல் ஒரு கார் விபத்து. காயம் பெரிதில்லை என்றாலும் அதன்பின் அவருடைய ஸ்விங் (கிளப்பை வீசும் முறை) பழையபடி அமையவில்லை. வெற்றிகள் நின்றன. 1963-ல் போட்டிகள் வழியே கிடைத்த வருமானம் 4,000 டாலரைத் தொடவில்லை. 1964 மாஸ்டர்ஸுக்கு அழைப்பே வரவில்லை.

1964 ஜூன் 20

அந்த ஆண்டு அமெரிக்க ஓப்பன், வாஷிங்டன் அருகே காங்கிரஷனல் கன்ட்ரி கிளப்பில் நடந்தது. 7,053 கெஜ நீளம் கொண்ட அந்த மைதானம், அதுவரை அமெரிக்க ஓப்பன் கண்டவற்றிலேயே நீளமானது. நேரடித் தகுதி இல்லாததால் வென்டூரி தகுதிச் சுற்றுகளில் ஆடித்தான் உள்ளே வந்தார். அன்றைய வழக்கப்படி கடைசி இரண்டு சுற்றுகள், அதாவது 36 குழிகள், சனிக்கிழமை ஒரே நாளில் ஆடப்பட வேண்டும். முதல் இரண்டு சுற்றுகளில் 72, 70 எடுத்திருந்த அவர், முன்னணியில் இருந்த டாமி ஜேக்கப்ஸைவிட ஆறு ஷாட் பின்னே இருந்தார்.

சனிக்கிழமை வெயில் 100 டிகிரி ஃபாரன்ஹீட்டை ஒட்டியிருந்தது. காற்றில் ஈரப்பதமும் அதிகம். காலையில் முதல் ஒன்பது குழிகளை வெறும் 30 ஷாட்டில் முடித்தார். சுற்றின் முடிவை நெருங்கும்போது உடலில் நீர் வற்றிக் கை நடுங்கத் தொடங்கியது. 17, 18-வது குழிகளில் மிகக் குறுகிய பட்டுகள் (குழியை நோக்கிப் பந்தை உருட்டும் அடிகள்) தவறின. அப்படியும் 66. ஜேக்கப்ஸுக்கும் அவருக்கும் இப்போது இரண்டு ஷாட்தான் இடைவெளி.

இடைவேளையில் அவரைப் பரிசோதித்த மருத்துவர் ஜான் எவரெட், தொடர்ந்து ஆடினால் உயிருக்கே ஆபத்து என்று எச்சரித்தார். வென்டூரி ஆடியே தீருவேன் என்றார். உப்பு மாத்திரையும் ஈரத் துண்டும் ஐஸுமாக மருத்துவர் மைதானம் முழுக்கக் கூடவே நடந்தார். இரண்டு குழிகளுக்கு இடையில் கால்களை இழுத்து இழுத்து நடந்த மனிதர், பந்தின் முன் நின்றதும் நிதானமாக அடித்தார். ஜேக்கப்ஸ் 76 எடுத்துச் சரிந்தார். வென்டூரி எடுத்தது 70. மொத்தம் 278, நான்கு ஷாட் வித்தியாசத்தில் வெற்றி.

கடைசிக் குழியில் சுமார் பத்தடி பட் உள்ளே விழுந்ததும் கையிலிருந்த பட்டர் நழுவியது. குனிந்து பந்தை எடுக்க அவருக்குத் தெம்பில்லை. உடன் ஆடிய 21 வயது ரேமண்ட் ஃபிளாய்ட் அதை எடுத்துக் கொடுத்தார். கொடுத்தவரின் கண்களில் நீர் வழிந்தது. அடுத்த ஆண்டே ஒரே நாளில் 36 குழிகள் என்ற வழக்கம் கைவிடப்பட்டு, போட்டி நான்கு நாட்களாக்கப்பட்டது.

அந்த ஆண்டு மேலும் இரண்டு வெற்றிகள் கிடைத்தன. தொழில்முறை கோல்ஃப் ஆட்டக்காரர்கள் சங்கமான பிஜிஏ-வின் சிறந்த ஆட்டக்காரர் விருதும், ‘ஸ்போர்ட்ஸ் இல்லஸ்ட்ரேட்டட்’ இதழின் ஆண்டின் சிறந்த விளையாட்டு வீரர் விருதும் சேர்ந்து வந்தன.

மரத்துப்போன விரல்கள்

மகிழ்ச்சி ஓராண்டுகூட நீடிக்கவில்லை. மணிக்கட்டில் நரம்பு அழுத்தப்பட்டு விரல்கள் மரத்துப்போகும் ‘கார்ப்பல் டனல் சிண்ட்ரோம்’ அவரைப் பிடித்தது. பிடியின் அழுத்தத்தை விரலால் உணர்ந்து ஆட வேண்டிய கோல்ஃபில் இதைவிடப் பெரிய இழப்பு இல்லை. 1965-ல் மேயோ கிளினிக்கில் அறுவைச் சிகிச்சை நடந்தது. அதே ஆண்டு அமெரிக்காவின் ரைடர் கோப்பை அணியிலும் ஆடினார். 1966 தொடக்கத்தில் லக்கி இன்டர்நேஷனல் போட்டியை வென்றார். அது நடந்த இடம், அவர் வளர்ந்த ஹார்டிங் பார்க். அவருடைய 14-வது வெற்றியும் கடைசி வெற்றியும் அதுதான்.

ஒலிவாங்கியின் முன்

1968-ல் சிபிஎஸ் அவரை வர்ணனையாளராக்கியது. மாஸ்டர்ஸில் அவர் தோற்ற கதையை நாட்டுக்குக் காட்டிய அதே நிறுவனம் அது. அதன் கோல்ஃப் ஒளிபரப்பைத் தயாரித்தவர் ஃபிராங்க் சர்க்கினியன். மொத்த ஷாட்டுகளைச் சொல்லாமல், பார் கணக்குக்கு எத்தனை கூட அல்லது குறைய என்று திரையில் காட்டும் முறையை வழக்கமாக்கியவர் அவரே.

போட்டியின் போக்கை முதன்மை வர்ணனையாளர் சொல்லிக்கொண்டு போவார். ஆட்டக்காரர் ஏன் இந்தக் கிளப்பை எடுத்தார், புல்லில் பந்து எப்படிக் கிடக்கிறது, எங்கே தவறு நேரும் என்று விளக்குவது வென்டூரியின் வேலை. திக்கலைக் கட்டுப்படுத்தப் பழகிய நிதானமான பேச்சு, ஷாட்டுக்கு ஷாட் இடைவெளி உள்ள இந்த விளையாட்டுக்கு இயல்பாகப் பொருந்தியது. பார்வையாளர்களுக்கு ஆட்ட நுணுக்கம் சொல்லித்தரும் ‘ஸ்ட்ரோக்சேவர்ஸ்’ என்ற சிறு பகுதியையும் அவர் நடத்தினார். பாட் சம்மரால், பிறகு ஜிம் நான்ட்ஸ் என இரண்டு தலைமுறை வர்ணனையாளர்கள் அவருக்குத் துணையாக அமைந்தனர். 1996-ல் வந்த ‘டின் கப்’ திரைப்படத்தில் வர்ணனையாளர் வென்டூரியாகவே நடித்தார்.

1990-ல் என்பிசி தொலைக்காட்சிக்கு வர்ணனையாளராக வந்த ஜானி மில்லரும் சான் ஃபிரான்சிஸ்கோக்காரர்தான், அமெரிக்க ஓப்பனை வென்றவர்தான். ஆட்டக்காரர்கள் பதற்றத்தில் கோட்டைவிட்டால் மில்லர் முகத்துக்கு நேரே சொல்லிவிடுவார். வென்டூரியோ ஆடுபவரின் பக்கம் நின்று பேசினார். கடைசிச் சுற்றில் 80 எடுத்த அனுபவம் அவருக்கு இருந்தது.

2000-ல் பிரசிடென்ட்ஸ் கோப்பைக்கான அமெரிக்க அணிக்குத் தலைமை ஏற்றார். அந்த அணி 21½–10½ என்ற கணக்கில் வென்றது. பார்வையற்றோருக்கு வழிகாட்டும் நாய்களைப் பழக்கும் ‘கைடிங் ஐஸ்’ அமைப்புக்கு நிதி திரட்ட, தன் பெயரிலேயே கோல்ஃப் போட்டியைப் பல ஆண்டுகள் நடத்தினார். 2002-ல் வர்ணனையிலிருந்து ஓய்வு பெற்றார். ஆட்டத்தை விளக்கும் முதன்மை ஆய்வாளராக ஒரே நிறுவனத்தில் இவ்வளவு காலம் இருந்தவர்கள் அமெரிக்க விளையாட்டு ஒளிபரப்பில் மிக அரிது.

2013 மே 6 அன்று உலக கோல்ஃப் சாதனையாளர் மண்டபத்தில் அவர் பெயர் சேர்க்கப்பட்டது. மருத்துவமனையில் இருந்ததால் மகன்கள் இருவரும் அந்தக் கௌரவத்தை ஏற்றுக்கொண்டனர். மே 17 அன்று, 82-வது பிறந்தநாள் கடந்த இரண்டாம் நாள், கலிஃபோர்னியாவின் ராஞ்சோ மிராஜில் காலமானார்.